பெண்கள் பக்கத்துச் சாவி

தீ அணைந்த மறுநாள் காலை, திண்டுக்கல்லிலிருந்து நத்தம் செல்லும் முதல் பேருந்து எங்கள் ஊரில் நின்றபோது அதிலிருந்து ஒரு கூட்டமே இறங்கியது. இறங்கியவர்களில் ஒருவருக்கும் எங்கள் ஊரில் உறவு கிடையாது. ஒருவர் வெயிலுக்கென்று குடை கொண்டுவந்திருந்தார். ஒரு குடும்பம் தூக்குச்சட்டியில் புளிச்சோறு கட்டிக்கொண்டு வந்திருந்தது. "கொட்டாய் பாக்குறவுகள்லாம் எறங்குங்க" என்று நடத்துநர் கூவினார். அன்று மாலைக்குள் அதுவே அந்த நிறுத்தத்தின் பெயராகிவிட்டது.

அவர்கள் பார்க்க வந்த கொட்டகை, ஊருக்கு வெளியே புளியந்தோப்பை ஒட்டிய பொட்டலில் சில மாதங்களுக்கு மட்டும் உரிமம் வாங்கிப் போடப்பட்டிருந்த டூரிங் டாக்கீஸ். கூரையும் பக்கங்களும் தென்னங்கீற்று, தரை ஆற்றுமணல். முந்தைய நாள் மாலை முதலாட்டத்தில் படம் ஓட்டும் அறையில் பிலிம் சுருள் பற்றிக்கொண்டது. அங்கிருந்து தீ கூரைக்கு ஏறியது. ஆண்கள் பக்கத்தில் இருந்தவர்கள் திறந்த வாசல் வழியாக ஓடிவிட்டார்கள். பெண்கள் பக்கத்துத் தகரக் கதவு வெளியிலிருந்து பூட்டப்பட்டிருந்தது. வேடிக்கை பார்க்க வந்தவர்கள் எல்லாவற்றையும் பார்த்தார்கள். கருகிய நிலைச்சட்டத்தோடு கிடந்த அந்தக் கதவில் பூட்டு இன்னும் பூட்டியபடியே இருந்ததை மட்டும் ஒருவரும் பார்க்கவில்லை.

அவர்கள் பார்த்தவை வேறு. வளைந்து நின்ற இரும்புக் கழிகளைத் தட்டிப் பார்த்தார்கள். ஒருவர் காலடியால் அளந்துவிட்டு, "வடக்குத் தெக்கு அறுவது அடி" என்று யாரும் கேளாமலே அறிவித்தார். பெண்கள் பக்கத்து மணலில் கண்ணாடி வளையல்கள் உருகி, பச்சையும் சிவப்புமாக மணலோடு ஒட்டிக் கட்டிகளாகக் கிடந்தன. நன்றாக உடுத்தியிருந்த ஒரு மனிதர் அதில் ஒரு கட்டியைப் பொறுக்கி, ஊதி, கைக்குட்டையில் முடிந்து சட்டைப்பையில் வைத்துக்கொண்டதை நான் நேரில் கண்டேன். ஐஸ் விற்பவர் புளியமர நிழலில் வண்டியை நிறுத்திவிட்டு மணியடித்துக்கொண்டிருந்தார். அவரைக் குறைசொல்ல எனக்கு மனம் வரவில்லை. அவராவது தாம் வந்த காரியத்தை மறைக்கவில்லை.

எத்தனை பேர் இறந்தார்கள் என்பதை நான் எழுதப்போவதில்லை. எங்கள் ஊரில் ஒரு கணக்கு இருந்தது. திண்டுக்கல் பேருந்து நிலையத்தில் அது இரட்டித்தது. மதுரைக்குப் போய்ச் சேர்ந்தபோது எங்கள் ஊரில் அதுவரை பிறந்தவர் எல்லோரையும் சேர்த்தாலும் எட்டாத எண்ணாகிவிட்டது. எனக்குத் தெரிந்த கணக்கு ஒன்றுதான். நான் எங்கள் ஊர்த் தொடக்கப் பள்ளியில் ஆசிரியை. என் மூன்றாம் வகுப்பில் ஜன்னலோரம் அருகருகே உட்காரும் இரண்டு சிறுமிகள் அதன்பின் வரவில்லை. ஒருத்திக்கு ஏழாம் வாய்ப்பாடு எத்தனை முறை சொன்னாலும் நாக்கில் நிற்காது. அதற்காக அந்த வாரந்தான் அவளை நான் முட்டி போட வைத்திருந்தேன்.

இறந்தவர்களைவிடத் தப்பித்தவர்களின் தொகை பெரிது. கொட்டகைப் பக்கமே தலைவைத்துப் படுக்காதவர்கள்கூடத் தப்பித்திருந்தார்கள். "நானும் அன்னைக்கு வாரதாத்தேன் இருந்தேன், வண்டிமாடு மக்கர் பண்ணிருச்சு" என்றார் ஒருவர். "எம் மச்சினன் டிக்கெட்டே எடுத்துட்டான், வகுறு வலிச்சு வீட்டுக்குப் போயிட்டான், கொடுப்பினையப் பாருங்க" என்றார் மற்றொருவர். இவர்கள் அனைவரும் அன்று வந்திருந்தால் கொட்டகையைத் திண்டுக்கல் மலைக்கோட்டை அளவுக்குப் போட வேண்டியிருந்திருக்கும். உண்மையில் தப்பித்தவர்களோ வாய் திறக்கவில்லை. அவர்கள் வாழையிலையில் கிடந்தார்கள்.

தீப்புண் பட்ட உடம்பில் நூலிழை பட்டாலும் தோல் அதனோடு வந்துவிடும். அதனால்தான் பச்சை வாழையிலையை விரித்து, அதில் குங்கிலிய வெண்ணெயைத் தடவி அவர்களைக் கிடத்தியிருந்தார்கள். நான்காம் நாள் நகரத்திலிருந்து காரில் சில சீமாட்டிகள் ஆறுதல் சொல்ல வந்தார்கள். ஆளுக்கொரு கம்பளிப் போர்வை கொண்டுவந்திருந்தார்கள். தீயில் வெந்தவர்களுக்குக் கம்பளி! சித்திரை வெயிலில்! அவர்களில் ஒருவர், முதுகு முழுவதும் வெந்து குப்புறக் கிடந்த ஒரு பெண்ணின் அருகில் குனிந்து, மிகவும் கனிவோடு, "என்ன படம்மா பாத்தீங்க?" என்று கேட்டார்.

"பாதிதாம்மா பாத்தேன்" என்றாள் அவள்.

இப்படி விலைமதிப்பற்ற அனுதாபங்கள் எல்லாவற்றையும் விஞ்சியது எங்கள் ஊர் ஆண்களின் ஞானம். "பொம்பளைகளுக்கு என்னாத்துக்குச் சினிமா?" என்றார்கள். முதலாட்டத்துக்கு முதல் டிக்கெட் எடுத்தவர்கள் அவர்கள்; தீப்பிடித்ததும் முதலில் வெளியே வந்தவர்களும் அவர்களே. பெண்கள் வீட்டிலிருந்திருந்தால் இந்த விபத்து நடந்திருக்காதாம். ஆண்கள் மட்டும் வந்திருந்தால் பிலிம் பற்றிக்கொள்ள வெட்கப்பட்டிருக்கும் போலும்.

ஊர் மொத்தமும் ஆறுதல் சொல்லத் தேடிப்போன இடம் அரிசி மில். மில்காரர் முற்றத்து வேப்பமரத்தடியில் நாற்காலி போட்டு அமர்ந்து, வந்தவர்களின் துக்கத்தை ஏற்றுக்கொண்டிருந்தார். அவருடைய மனைவியும் தீயில் சிக்கியவர். அவரை இரண்டு நாள் நகரத்து ஆஸ்பத்திரியில் வைத்திருந்தார்கள். ஆண் டாக்டர் புண்ணைப் பார்க்கிறார் என்று தெரிந்ததும் மில்காரர் வண்டி கட்டிக்கொண்டுபோய் மனைவியை வீட்டுக்கு அழைத்து வந்துவிட்டார். "உசுரு போனாலும் மானம் போவக் கூடாதுல்ல" என்று அவர் சொல்ல, சுற்றியிருந்தவர்கள் துண்டால் கண்ணைத் துடைத்துக்கொண்டார்கள். போகப்போவது யாருடைய உயிர் என்று கேட்க அங்கே ஆளில்லை.

பூட்டுக்கு வருகிறேன்.

தீ விபத்துக்கு இரண்டு மாதம் முன்பு, விளக்கணைந்த நேரத்தில் எவனோ ஒரு விடலை, பந்தயம் கட்டிக்கொண்டு பெண்கள் பக்கத்தில் நுழைந்து உட்கார்ந்துவிட்டான். பெண்களே அவனைச் செருப்பால் விரட்டிவிட்டார்கள். காரியம் அதோடு முடிந்தது என்றுதான் அவர்கள் நினைத்தார்கள். ஆனால் ஊர்ப் பெரிய மனிதர்கள் பதினொருவர் மறுநாள் மாலை பள்ளிக்கூடத்தில் கூடினார்கள். படம் தொடங்கியதும் பெண்கள் பக்கத்தைப் பூட்டிவிட வேண்டும். சாவி ஊரில் பொறுப்புள்ள ஒருவரிடம் இருக்க வேண்டும். ஆண்கள் பக்கத்துக்கும் பெண்கள் பக்கத்துக்கும் நடுவே இருந்த இடுப்பளவு மண்சுவரின்மேல் ஆளுயரத்துக்குத் தட்டி கட்ட வேண்டும் என்று முடிவு செய்தார்கள். இதைக் கொட்டகை முதலாளிக்கு மனுவாக எழுதித்தர என்னை அழைத்தார்கள். ஊரில் திருத்தமாக எழுதத் தெரிந்தவள் நான்.

எழுதினேன். அவர்கள் வாய்மொழியில் சொன்னதை நல்ல தமிழில் வடித்தேன். அக்காலத்தில் நான் நிறையப் படிப்பேன். படித்ததை எங்காவது காட்டிக்கொள்ளாமல் இருக்க முடியாத வயது. "குலப்பெண்டிர் மானங்கருதி" என்று தொடங்கினேன். மனு முடிவதற்குள் மானம் என்ற சொல் மூன்று இடங்களில் வந்துவிட்டது. படித்துக் காட்டியபோது மில்காரர், "டீச்சர் எழுதுனா எழுத்து தானா எந்திரிச்சு நின்னு பேசும்" என்றார். எனக்கு அன்று இரவு உணவு இனித்தது.

பொறுப்புள்ள ஒருவர் என்று மில்காரரையே தேர்ந்தெடுத்தார்கள். அவர் தினமும் காசில்லாமல் படம் பார்ப்பவர். ஆண்கள் பக்கத்து முதல் நாற்காலி அவருடையது. ஒலிபெருக்கியில் பாட்டு நின்று படம் தொடங்கியதும் அவரே வந்து பெண்கள் பக்கத்துக் கதவைப் பூட்டி, சாவியை இடுப்பிலிருந்த அகலமான பச்சைப் பெல்ட்டின் பையில் போட்டுப் பொத்தானை அழுத்திக்கொள்வார். வாசலில் டிக்கெட் கிழிப்பதற்கு ஒரு விதவைப் பெண் இருந்தார். எல்லோரும் அவரைக் கேட்டுக்காரம்மா என்பார்கள். கீழத்தெருக்காரர், நாற்பத்தைந்து வயது இருக்கலாம். "பச்சப்புள்ள அழுவும், யாருக்காச்சும் தல சுத்தும். சாவி எங்கிட்ட இருந்தா ஆகாதுங்களா?" என்று அவர் கேட்டதையும், "ஒங்கிட்ட குடுத்தா நீ பொயல வாங்கப் போயிருவ. போ, ஒன் வேலையப் பாரு" என்று மில்காரர் சொன்னதையும் நானே கேட்டிருக்கிறேன். வரிசையில் நின்றிருந்த நாங்கள் அனைவரும் சிரித்தோம். கேட்டுக்காரம்மாவுக்குப் புகையிலைப் பழக்கம் உண்டு.

தீப்பிடித்தபோது மில்காரர் பெல்ட்டும் சாவியுமாக ஆண்கள் வாசல் வழியாக ஓடிவிட்டார். கதவுக்கு வெளியே முக்காலியில் உட்கார்ந்திருந்த கேட்டுக்காரம்மா கதவை இடித்துப் பார்த்துவிட்டு, பக்கத்துக் கீற்றுத் தட்டியை வெறுங்கையால் பிய்த்தார். எரியும் கீற்று. பிய்த்த ஓட்டைக்குள் கைவிட்டு, அகப்பட்ட கூந்தலையும் சேலையையும் பிடித்து இழுத்துப் போட்டார். உயிரோடு வந்த பெண்கள் எல்லோரும் அந்த ஓட்டை வழியாக வந்தவர்கள்தாம். மில்காரர் மனைவியும் அவர்களில் ஒருவர்.

இப்படிப்பட்ட ஒரு பெண்ணுக்கு எங்கள் ஊர் அளித்த வெகுமதியைச் சொல்ல வேண்டும். சாவி யாரிடம் இருந்தது என்று போலீசார் கேட்டபோது மில்காரர், "கேட்டுக்காரிகிட்டத்தேன்" என்றார். மற்றப் பத்துப் பேரும் ஆமோதித்தார்கள். மூன்றாம் நாளுக்குள் கதை இன்னும் வளர்ந்தது. அவள் சுருட்டுப் பிடிப்பவள். சுருட்டு நெருப்பைக் கீற்றில் போட்டுவிட்டாள். பயந்து கதவைப் பூட்டிவிட்டு ஓடினாள். இல்லையென்றால் அவள் கைகள் மட்டும் ஏன் வெந்திருக்கின்றன? "தீ வச்ச கைதேன் மொதல்ல வேகும்" என்று பேருந்து நிறுத்தத்தில் ஒருவர் விளக்கிக்கொண்டிருந்தார். வெளியூரிலிருந்து வந்தவர்கள் கொட்டகையைப் பார்த்து முடித்ததும் அவருடைய குடிசையையும் பார்த்துவிட்டுப் போனார்கள். அதன் கூரையில் கல் விழுந்திருந்தது.

அவர் நகரத்து ஆஸ்பத்திரியில், பக்கத்தில் ஒரு காவலர் முக்காலி போட்டு அமர்ந்திருக்க, இரண்டு கைகளும் முழங்கை வரை கட்டுப்போட்டுக் கிடந்தார். சனிக்கிழமை நான் பார்க்கப் போனேன். ஆரஞ்சுப் பழம் வாங்கிப் போயிருந்தேன். கம்பளி கொண்டுபோன சீமாட்டிகளைவிட நான் ஒன்றும் அறிவாளி அல்ல. அதை உரிக்க அவருக்குக் கையில்லை என்பது பழத்தை நீட்டியபோதுதான் உறைத்தது. உரித்து ஒவ்வொரு சுளையாக வாயில் கொடுத்தேன்.

"எம் மேல கேசு போடப் போறாகளாம் டீச்சரம்மா" என்றார். "இத்தன உசுருக்கும் நாந்தேன் காரணம்னு செயிலுக்கு அனுப்பிருவாகளாம். அடுத்த வாரம் பெரிய ஆபீசர் விசாரிக்க வாராராம். சாவி எங்கிட்ட இல்லேன்னு யாராச்சும் ஒருத்தர் சொன்னாப் போதும். நான் சொன்னா யாரு கேக்குறா?"

நான் சொல்கிறேன் என்று என் வாயில் வரவில்லை. இன்னொரு சுளையைக் கொடுத்தேன்.

என் பெட்டியின் அடியில் பழைய பாடக்குறிப்பேடு ஒன்று இருந்தது. எதையும் முதலில் அதில் எழுதிப் பார்த்துத் திருத்திய பிறகே நல்ல தாளில் எழுதுவது என் வழக்கம். கையொப்பமிட்ட மனு கொட்டகை முதலாளியின் பெட்டியோடு எரிந்துவிட்டது; அதன் முன்வரைவு என்னிடம் இருந்தது. அந்தப் பதினொருவரில் பலர் பள்ளிக்கூடக் குழுவில் இருந்தார்கள். மில்காரர் அதன் தலைவர். "நமக்கெதுக்கு வம்பு? ஒன் வேலை இன்னும் நெலைக்கலை" என்றார் என் அம்மா. நான் ஆறு நாள் அந்தப் பெட்டியைத் திறக்கவில்லை. அந்த ஆறு நாளும் ஊராரின் கோழைத்தனத்தை மனத்துக்குள் நல்ல தமிழில் இகழ்ந்துகொண்டிருந்தேன்.

விசாரணை என் வகுப்பறையில் நடந்தது. ஊரில் ஓட்டுக்கூரை போட்ட பொதுக்கட்டடம் அது ஒன்றுதான். பிள்ளைகளுக்கு விடுமுறை விட்டார்கள். அதிகாரி என் நாற்காலியில் அமர்ந்தார். பெரிய மனிதர்கள் ஒவ்வொருவராக வந்து, சத்தியம் செய்து, சாவி கேட்டுக்காரியிடம் இருந்தது என்று ஒரே வாக்கியத்தை ஒப்பித்தார்கள். என் மாணவர்கள் வாய்ப்பாட்டை அவ்வளவு சுத்தமாகச் சொன்னதே இல்லை.

தீப்பிடித்த அன்று நான் கொட்டகைக்குப் போகாததால் கண்ணால் கண்ட சாட்சி என்று சொல்ல முடியாது; கடைசியில் எழுந்து குறிப்பேட்டைக் கொடுத்தேன். அதிகாரி பொறுமையாகப் படித்தார். "எழுத்து முத்து முத்தாக இருக்கிறது" என்றார். "ஆனால் இதில் யாரும் கையெழுத்துப் போடவில்லையே அம்மா?"

மில்காரர் சிரித்தார். "டீச்சர் எழுதுனது டீச்சர் நோட்டுல இருக்குங்க. பொம்பளைக பாதுகாப்புக்கு அவுகளே யோசன பண்ணி எழுதிருப்பாக. நல்ல மனசு. நாங்க யாரும் அப்பிடிக் கேக்கலீங்க."

பத்துத் தலைகள் ஆடின. அதிகாரி குறிப்பேட்டை மூடி என்னிடமே நீட்டினார்.

அவருக்கு இன்னும் ஒரு வாக்குமூலம் பாக்கியிருந்தது. படுத்த படுக்கையாக இருந்த மில்காரர் மனைவியை வீட்டிலேயே சென்று விசாரிக்க வேண்டும். அங்கேதான் எங்கள் ஊர் மானம் எனக்கு உதவியது. உடம்பில் துணி தாங்காமல் இலையில் கிடக்கும் பெண்ணை அந்நிய ஆண் பார்க்கக் கூடாது. அவர் குரலோ நாலடிக்கு அப்பால் கேட்காது. ஆகவே அறை வாசலில் வேட்டியைத் திரையாகக் கட்டினார்கள். உள்ளே ஒரு பெண் அமர்ந்து, அவர் முணுமுணுப்பதைத் திரைக்கு வெளியே இருக்கும் அதிகாரிக்கு உரக்கச் சொல்ல வேண்டும். அக்கம்பக்கத்துப் பெண்களைக் கூப்பிட்டபோது ஒருத்தியும் வர இசையவில்லை. அதிகாரி என்னைப் பார்த்தார். மில்காரர் மறுக்க வாயெடுத்தார்; மறுப்பதற்குக் காரணம் அகப்படவில்லை.

உள்ளே வெண்ணெய் வாடையும் புண் வாடையும் கலந்திருந்தன. அவருக்கு என்னைவிட ஐந்தாறு வயது கூட இருக்கும். முகத்தில் தீ படவில்லை; அதனால் அது வேறு யாருடையதோ போல் தனியாக இருந்தது. கண் என்னை அடையாளம் கண்டுகொண்டது.

"கதவு பூட்டியிருந்தபோது சாவி யாரிடம் இருந்தது என்று கேளுங்கள்" என்றது அதிகாரியின் குரல்.

"அவளுக்கு நெனவு சரியில்லைங்க. ராத்திரியெல்லாம் என்னத்தையாவது பெனாத்துறா" என்றது மில்காரரின் குரல்.

நான் அவர் வாயருகே காதை வைத்தேன்.

"அவுக பெல்ட்டுக்குள்ள இருந்துச்சு" என்றார். மூச்சு வாங்கியது. "தட்டிக்கு இந்தப் பக்கம் நின்னு, என்னங்க, சாவியத் தூக்கி எறிங்கன்னு கத்துனேன். கீத்துச் சந்துல பாத்தேன், அவுகளும் திரும்பிப் பாத்தாக. பெறவு அவுக முதுகுதேன் தெரிஞ்சுச்சு." கண்ணை மட்டும் நகர்த்திச் சுவரைக் காட்டினார். ஆணியில் அந்தப் பச்சைப் பெல்ட் தொங்கியது. "அன்னைக்குக் கழட்டி மாட்டுனதுதேன். அதத் தொட அவுகளுக்குப் பயம். பையத் தொறந்து பாருங்க."

நான் பார்த்தேன். பையின் பொத்தான் அழுத்தியபடியே இருந்தது. திறந்தேன்; உள்ளே சாவி இருந்தது. மறுபடி பொத்தானை அழுத்தினேன்.

"அக்கா, இத நான் வெளிய கேக்குற மாதிரி சொல்லணும். ஒங்க வீட்டுக்காரர் அங்கயேதான் நிக்கிறாக. நீங்க இந்த வீட்டுலதான் இருக்கணும்."

"இன்னும் எத்தன நாளைக்கு?" என்றார். பிறகு, "மெதுவாச் சொல்லாதீங்க டீச்சர். நான் கத்துன அளவுக்குக் கத்திச் சொல்லுங்க" என்றார்.

நாற்பது பிள்ளைகளின் இரைச்சலுக்கு மேல் எழுப்பிப் பழகிய குரல் என்னுடையது. அவர் சொன்னதை, சொன்ன சொல்லிலேயே, ஒன்றையும் செம்மைப்படுத்தாமல் சொன்னேன். "என்னங்க, சாவியத் தூக்கி எறிங்க" என்பதைத் தெரு முனைவரை கேட்கும்படி சொன்னேன். வெளியே முற்றத்தில் ஆறுதல் சொல்ல வந்து அமர்ந்திருந்தவர்களின் பேச்சு நின்றது. பெல்ட்டைத் திரைக்கு அடியில் தள்ளினேன். கொஞ்ச நேரம் கழித்துப் பொத்தான் திறக்கும் ஓசை கேட்டது.

இதன் பிறகு மில்காரர் வெட்கித் தலைகுனிந்தார் என்று எழுத எனக்கு ஆசைதான். அவர் துண்டால் முகத்தைப் பொத்திக்கொண்டு, "பதட்டத்துல மறந்துட்டேங்க. நாலு பேரு கத்துற எடத்துல யாருக்குத்தேன் ஞாபகம் இருக்கும்?" என்றார். சற்றுமுன் சத்தியம் செய்த பத்துப் பேரும், ஆமாம், யாருக்கும் வரக்கூடிய மறதிதான் என்று உடனே ஒப்புக்கொண்டார்கள். இரண்டு உண்மைகளுக்கு இடையில் அவர்கள் ஒரு வெற்றிலை போடும் நேரம்கூட எடுத்துக்கொள்ளவில்லை. அறிக்கையிலும் மறதி என்றே எழுதப்பட்டதாகக் கேள்விப்பட்டேன். கொட்டகையின் உரிமம் ரத்தானது. வேறு யாருக்கும் எதுவும் நேரவில்லை. ஆனால் கேட்டுக்காரம்மாவின் கட்டில் அருகிலிருந்த காவலர் மறுநாளே முக்காலியைத் தூக்கிக்கொண்டு போய்விட்டார். நாங்கள் கேட்டது அவ்வளவுதான், அது கிடைத்தது.

மில்காரர் மனைவி எட்டு நாள் கழித்து இறந்தார். "புருசனச் சபையில காட்டிக்குடுத்துட்டுல்ல போய்ச் சேந்துருக்கா" என்று இழவு வீட்டிலேயே பேசிக்கொண்டார்கள். அப்படிப் பேசிய பெண்களில் இருவரை நான் அறிவேன். இருவரும் அந்தத் தட்டி ஓட்டை வழியாக வெளியே வந்தவர்கள்.

கேட்டுக்காரம்மா ஊர் திரும்பியதும் என் வீட்டுக்கு வந்தார். கட்டு அவிழ்த்திருந்தார்கள். விரல்கள் ஒன்றோடொன்று ஒட்டி, உள்நோக்கி மடங்கிவிட்டிருந்தன. நன்றி சொல்ல வந்திருக்கிறார் என்று எண்ணி, அதை எப்படி அடக்கத்தோடு மறுப்பது என்று நான் சொற்களைத் தேடிக்கொண்டிருந்தேன்.

"அந்த மனுவ எழுதுனது நீங்கதானாமே, டீச்சரம்மா?"

"ஆமா."

"அவுக சொல்லச் சொல்ல எழுதுனீகளா?"

"ஆமா. மானம்ங்கிற வார்த்தைய மட்டும் நானாச் சேத்தேன்."

"எத்தன தடவ?"

"மூணு."

அவர் முகத்தில் கோபம் இல்லை. சமையலில் எங்கே உப்புக் குறைந்தது என்று யோசிப்பவரைப் போல் இருந்தார்.

"மூணு தடவ அத எழுதுனதுக்கு, ஒரு தடவ ரெண்டு சாவின்னு எழுதியிருக்கலாமுல்ல தாயி" என்றார். "அவுககிட்ட ஒண்ணு, எங்கிட்ட ஒண்ணுன்னு. அவுக வேணாம்னா சொல்லிருக்கப் போறாக? ஒங்க எழுத்துன்னா கேப்பாக."

அவர் குடிக்கத் தண்ணீர் கேட்டார். செம்பைப் பிடிக்க முடியாது என்பதால் நான் ஊற்ற, அண்ணாந்து குடித்தார். முந்தானையால் அவர் வாயைத் துடைத்துவிட்டேன்.

அடுத்த கல்வியாண்டு தொடங்குவதற்குள் எனக்கு மாற்றல் உத்தரவு வந்தது. பள்ளிக் குழுவினர் என் நலனில் காட்டிய அக்கறை அது. வடக்கே, அய்யலூர்ப் பக்கத்தில் ஒரு சிற்றூர். ஆட்டுச்சந்தை நாளில் பள்ளிக்கூடத்துக்குள் பாதி ஆடுகள் வந்துவிடும். மற்றபடி நல்ல பிள்ளைகள். ஏழாம் வாய்ப்பாடு வராதவர்களை நான் அங்கே முட்டி போட வைக்கவில்லை; எட்டாவதுக்குப் போய்விட்டுத் திரும்பி வந்து படிக்கச் சொன்னேன்.

இரண்டு ஆண்டு கழித்து அந்தப் பக்கத்தில் ஒரு கொட்டகை போட்டார்கள். அதைப்பற்றி எனக்கு முதலில் வந்த செய்தியே ஒரு புகார். பெண்கள் பக்கத்தில் ஒரு கிழவி டிக்கெட்டைப் பல்லால் கடித்துக் கிழித்துத் தருகிறாள். எச்சில் டிக்கெட்டை நல்ல குடும்பத்துப் பெண்கள் எப்படிக் கையில் வாங்குவது? இதற்கொரு முடிவு கட்டும்படி எழுத வேண்டும் என்று உள்ளூர்ப் பெரியவர் ஒருவர் என்னிடம் வந்தார். எனக்குக் கண் சரியில்லை, எழுதுவதை விட்டுவிட்டேன் என்றேன். அப்போது எனக்கு முப்பது வயதுகூட ஆகவில்லை. அவர் நம்பிப் போய்விட்டார்.

அன்று மாலையே கொட்டகைக்குப் போனேன். பெண்கள் பக்கத்தில் கதவு என்று எதுவும் இல்லை. இரண்டு சாக்குகளைச் சேர்த்துத் தைத்துத் தொங்கவிட்டிருந்தார்கள். கதவு இருந்தால் வேலைக்கு வரமாட்டேன் என்று கேட்டுக்காரம்மா முதலாளியிடம் சொல்லியிருந்தாராம். அதே பழைய முதலாளிதான். வாசலில் கேட்டுக்காரம்மா முக்காலியில் உட்கார்ந்திருந்தார். முடி நன்றாக நரைத்திருந்தது. வரிசையில் என் முறை வந்தபோது என்னைப் பார்த்தார். மடங்கிய இரண்டு கைகளுக்கும் நடுவில் டிக்கெட்டை இடுக்கி வாங்கி, நுனியைப் பல்லால் கடித்து, தலையைச் சொடுக்கிக் கிழித்தார். பாதியை மடியில் துப்பிக்கொண்டு மறுபாதியை நீட்டினார். அது கொஞ்சம் ஈரமாக இருந்தது. நான் கையில் வாங்கிக்கொண்டேன்.

"போங்க டீச்சரம்மா, செத்த நேரத்துல ஆரம்பிச்சிருவாக. உள்ள நல்லா எடம் கெடக்கு" என்றார். எனக்குப் பின்னால் நின்ற பெண்ணை நோக்கி, "ஏ ஆத்தா, புள்ளைக்கும் சேத்தா எடுத்த?" என்று குரல் கொடுத்தார்.